கமில்லாவும் கண்டிச்சீமையும்: 1868 ஆம் ஆண்டின் இருவகைப் பதிவுகள்

1868 ஆம் ஆண்டு நவம்பர் 17 ஆம் நாள், சென்னை நுங்கம்பாக்கத்து அவதான நிலையத்தில் நோர்மன் றொபேட் பொக்சன் என்னும் ஆங்கில வானியலாளர் புதிய சிறுகோள் ஒன்றைக் கண்டறிந்தார். செவ்வாய்க்கும் வியாழனுக்கும் இடைப்பட்ட வலயத்திற் சூரியனைச் சுற்றிவரும் சிறுபொருள்களுள் அது 107 ஆவதாகப் பதிவுபெற்றது. உரோமக் கவிஞர் வேர்ஜிலின் காப்பியத்தில் வரும் வீரமகளின் பெயரால் அது கமில்லா என அழைக்கப்படலாயிற்று. அன்றிரவு அது வானில் நின்ற இடம் பாகை, கலை, விகலைக் கணக்கிற் குறிக்கப்பட்டது. குறித்தவர் யார், குறித்த நாள் யாது என்பன ஐயத்துக்கிடமின்றி இன்றும் அறியப்படுகின்றன.

அதே நவம்பர் மாதத்திலே பாக்கு நீரிணைக்கு இப்பாற் கண்டி மலைகளிற் கோப்பிப் பழம் பறிக்கும் பருவம் நடந்துகொண்டிருந்தது. திருச்சிராப்பள்ளி, புதுக்கோட்டை, மதுரை, திருநெல்வேலி, சேலம் முதலிய பகுதிகளின் கிராமங்களிலிருந்து கங்காணிமாரின் பின்னே புறப்பட்ட மக்கள், தோணிகளில் மன்னார்க் கரையை அடைந்து, மதவாச்சி, தம்புள்ளை வழியாக மாத்தளைவரை ஏறத்தாழ நூற்றைம்பது மைல் தூரத்தைக் காட்டுவழியே நடந்து கடந்தனர். அவர்களுடைய சொந்தக் கிராமங்களில் இத்தேசத்துக்குக் கண்டிச்சீமை என்று பெயர். அந்த வழியில் அந்த ஆண்டில் நடந்தவர் யார், விழுந்தவர் யார் என்பதைப் பெயர் சொல்லிக் கூற இன்று எந்த ஏடும் இல்லை.

இவ்விரண்டையும் அருகருகே வைத்து நோக்குவது பொருத்தமற்ற செயல் எனச் சிலர் கருதக்கூடும். வானியல் வேறு, தொழிலாளர் வரலாறு வேறு என்பர். எனினும் சென்னை மாகாண அரசும் இலங்கைக் குடியேற்ற அரசும் ஒரே முடியாட்சியின் கீழ் இருந்தவை. இரண்டும் பதிவேடுகளால் ஆளப்பட்டவை. ஓர் அரசு எதனை நுணுக்கமாகப் பதிந்தது, எதனைத் தலைக்கணக்காக மட்டும் விட்டது என்பது அவ்வரசின் தன்மையை அறிவதற்கு உதவும் வினாவாகும். மலையகத் தமிழரைப் பொறுத்தவரையில் இவ்வினா வெறும் ஆராய்ச்சி வினா அன்று. பதிவு இன்மை காரணமாக அவர்கள் பின்னாளில் நாட்டையே இழக்க நேர்ந்தது. இக்கட்டுரையில் நாம் முதலிற் கமில்லாவைப் பற்றியும் அதனைக் கண்ட நிலையத்தைப் பற்றியும் கூறி, அதன்பின் கண்டிச்சீமையின் ஏடுகளுக்கு வருவோம்.

சிறுகோள்களின் வரலாறு 1801 ஆம் ஆண்டு சனவரி முதலாம் நாள் தொடங்குகின்றது. அன்று சிசிலித் தீவின் பலேர்மோ நகரில் பியாற்சி என்னும் துறவி சீரெஸ் என்ற பொருளைக் கண்டார். சில வாரங்கள் அதனைத் தொடர்ந்து நோக்கிய பின் அது சூரியனின் ஒளியிற் சென்று மறைந்தது. மீண்டும் வெளிவரும்போது எங்கே தேடுவது என்று ஒருவருக்கும் தெரியவில்லை. இளங்கணிதர் கவுஸ், கிடைத்திருந்த சில இடநிலைகளைக் கொண்டே அதன் ஒழுக்கினைக் கணித்துக் கூறினார். அவ்வாண்டு முடிவதற்குள் சீரெஸ் அவர் காட்டிய இடத்திற்கு அண்மையிற் கண்டுபிடிக்கப்பட்டது. வெவ்வேறு நேரங்களிற் குறிக்கப்பட்ட மூன்று நம்பத்தகுந்த இடநிலைகள் இருப்பின் ஒரு பொருளின் பாதையை வரையலாம் என்பது அவர் முறையின் சாரம். இதனை வாசகர் மனத்திற் கொள்ள வேண்டும். பின்னர் இதற்கு மீளுவோம்.

ஒளிப்படம் வானியலிற் புகுவதற்கு முன்னர் சிறுகோள் தேடுவது கண்ணும் கையும் சார்ந்த தொழிலாக இருந்தது. வானத்தின் ஒரு சிறு பகுதியிலுள்ள விண்மீன்களையெல்லாம் படமாக வரைந்துகொண்டு, பின்னொரு நாள் அப்படத்தையும் வானத்தையும் ஒப்பிட்டு, படத்தில் இல்லாத புள்ளி எதுவெனத் தேட வேண்டும். கண்ட புள்ளி அடுத்த இரவுகளில் நகர்ந்தால் மட்டுமே அது சிறுகோளாகும். பொக்சன் இத்தொழிலில் வல்லவர். 1829 இல் நொட்டிங்ஹாமிற் பிறந்த அவர், ஒக்ஸ்போட்டில் இருந்தபோதே மூன்று சிறுகோள்களைக் கண்டிருந்தார். விண்மீன்களின் ஒளியளவை எண்ணாற் கூறுவதற்கு அவர் 1856 இல் முன்மொழிந்த அளவுமுறை இன்றும் உலகெங்கும் வழங்குகின்றது. ஐந்து படி வேறுபாடு நூறு மடங்கு ஒளி வேறுபாட்டைக் குறிக்கும் முறை அது. 1861 இன் தொடக்கத்திற் சென்னைக்கு வந்த அவர், அவ்வாண்டு ஏப்ரல் 17 இல் ஒரு சிறுகோளைக் கண்டு, ஆசியாக் கண்டத்திலிருந்து கண்டறியப்பட்ட முதலாவது சிறுகோள் என்பதால் அதற்கு ஆசியா என்றே பெயரிட்டார். 1864 இற் சாப்போ, 1866 மே 16 இற் சில்வியா, 1868 இற் கமில்லா, 1885 பெப்ரவரி 6 இல் வேரா என மொத்தம் ஐந்து சிறுகோள்கள் சென்னையிலிருந்து கண்டறியப்பட்டன.

இவற்றுட் சில்வியாவும் கமில்லாவும் தனியே குறிப்பிடத்தக்கவை. இரண்டும் வலயத்தின் வெளிப்புறத்தே, சூரியனை ஏறத்தாழ ஆறரை ஆண்டுகளுக்கு ஒரு முறை சுற்றுவன. இரண்டும் மிகப் பெரியவை. அதே வேளை மிகக் கரியவை. கமில்லாவின் விட்டம் ஏறத்தாழ 250 கிலோமீற்றர். இலங்கைத் தீவின் மிகக் கூடிய அகலத்தை விட அது சற்றுப் பெரிது. ஆனால் தன்மேற் படும் சூரிய ஒளியில் நூற்றுக்கு ஐந்து அல்லது ஆறு பங்கினையே அது தெறிக்கின்றது. அடுப்புக் கரியின் நிறத்தை ஒத்த, காபன் மிகுந்த மேற்பரப்பு அதனுடையது. ஆகவே பொக்சன் கண்டது ஒரு மங்கிய புள்ளியை மட்டுமே. அது எவ்வளவு பெரியது என்பதை அவரால் அறிய இயலாது. ஏனெனில் ஒரு பொருள் மங்கலாகத் தோன்றுவது அது சிறியதாக இருப்பதாலா, கரியதாக இருப்பதாலா என்பதை ஒளியளவு மாத்திரம் கூறமாட்டாது. நூறாண்டு காலம் இந்த ஐயம் நீடித்தது. 1970களிலே செந்நிறக்கீழ்க் கதிர்களை அளக்கும் முறை வந்த பின்னரே இது தெளிவாயிற்று. ஒளியைத் தெறிக்காத பொருள் அதனை உள்வாங்கிச் சூடேறும். அந்த வெப்பத்தை அளந்தால் உண்மைப் பருமன் வெளிப்படும். அவ்வாறு அளந்தபோது, சிறியவை என எண்ணப்பட்டிருந்த சிறுகோள்கள் பல, மதிப்பிட்டதிலும் பெரியவை எனக் கண்டனர். கமில்லாவுக்கு ஒரு துணைக்கோள் உண்டென்பது 2001 இல் ஹபிள் விண்வெளித் தொலைகாட்டி மூலமும், இரண்டாவதொன்று உண்டென்பது 2016 இலும் தெரியவந்தன. சில்வியாவுக்கு இரு துணைக்கோள்கள் உள்ளமை 2005 இல் அறிவிக்கப்பட்டது. இரு துணைகள் கொண்டதென முதன்முதல் அறியப்பட்ட சிறுகோள் அதுவே. துணைக்கோளின் சுழற்சியைக் கொண்டு தாய்க்கோளின் திணிவைக் கணிக்கலாம். அவ்வாறு கணித்ததிற் கமில்லா நீரை விடச் சிறிதளவே அடர்த்தி மிக்கது, உள்ளே வெற்றிடங்கள் நிறைந்தது எனத் தெரிகின்றது.

இவ்வளவும் அறியக்கூடியதாக இருந்தமைக்கு அடிப்படை யாது? 1868 இற் குறிக்கப்பட்ட இடநிலையும், அதனைத் தொடர்ந்து பிற நாட்டு நிலையங்கள் குறித்த இடநிலைகளுமே. கமில்லா இன்றுவரை சூரியனை ஏறத்தாழ 24 தடவை சுற்றிவிட்டது. ஒரு தடவை அளக்கத் தவறியதை அடுத்த சுற்றில் அளக்கலாம். வரலாற்றாசிரியருக்கு இந்த வாய்ப்பு இல்லை.

சென்னை அவதான நிலையம் வானத்தின் மேற் கொண்ட காதலால் எழுந்ததன்று. வில்லியம் பெற்றி என்னும் கம்பனி அலுவலர் 1786 இல் தம் சொந்த முயற்சியாகத் தொடங்கியதை, கிழக்கிந்தியக் கம்பனி பொறுப்பேற்று 1792 இல் நுங்கம்பாக்கத்திற் கட்டடம் எழுப்பியது. கப்பல்களுக்கு நெட்டாங்கும், நில அளவையாளருக்கு அடிப்படைப் புள்ளியும், நிர்வாகத்துக்கு நேரமும் வேண்டியிருந்தன. அங்கு நிறுவப்பட்ட கருங்கற்றூணிற் பொறிக்கப்பட்ட வாசகங்களுள் தமிழ் வாசகமும் ஒன்று. ஆயின் தூணிலே தமிழ் இடம்பெற்ற அளவுக்கு நிலையத்தின் பெருமையிலே தமிழர் இடம்பெற்றனர் எனக் கூறமுடியாது. உதவியாளர்கள் உள்ளூரவர், இரவுதோறும் கருவிகளின் முன் அமர்ந்து விண்மீன்களின் இடநிலையைக் குறித்தவர்களும் கணக்குகளைச் செய்தவர்களும் அவர்களே. அவர்களுட் சிந்தாமணி இரகுநாதாசாரி ஒருவரே பரவலாக அறியப்படுகின்றார். முதலாம் உதவியாளராக உயர்ந்த அவர், 1867 இல் ஓர் ஒளிமாறும் விண்மீனைக் கண்டறிந்தார். 1868 ஓகஸ்ற் முழுச் சூரியகிரகணத்தின்போது பொக்சன் மசூலிப்பட்டினத்துக்குச் செல்ல, இவர் வனபர்த்தியில் தனியே அவதானிப்பை நடத்தினார். 1872 இல் இலண்டன் அரச வானியற் கழகத்தின் உறுப்பினராகத் தெரிவு செய்யப்பட்டார். 1874 இல் வெள்ளிக்கோள் சூரியனின் முன்னே கடந்தபோது அதனைப் பொதுமக்களுக்கு விளக்கும் சிறுநூலொன்றை உரையாடல் வடிவில் எழுதி, ஆங்கிலத்திலும் இந்திய மொழிகளிலும் வெளியிட்டார். பஞ்சாங்கங்களைப் புதிய கணிதத்துக்கேற்பத் திருத்த வேண்டுமென்பது அவர் வாழ்நாள் முயற்சி. 1880 இல் மறைந்தார். ஐரோப்பியப் பெயர்களை மட்டும் கொண்ட வானியல் வரலாறுகளில் இவருக்கு உரிய இடம் இன்னும் வழங்கப்படவில்லை என்பது எமது கருத்து.

இவ்விடத்தே ஒரு செய்தியைக் குறிப்பிடாமற் செல்ல மனம் வரவில்லை. சென்னை நிலையத்துக்கு முன்னர் சில காலம் பொறுப்பாக இருந்த ஜோன் வாறன், பிற்காலத்திற் புதுச்சேரியில் வாழ்ந்தபோது தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர் ஒருவரைச் சந்தித்தார். அக்கணிதர் எழுத்தோ ஏடோ இன்றி, தரையிற் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த வாய்பாடுகளைக் கொண்டு 1825 ஆம் ஆண்டின் சந்திரகிரகணத்தைக் கணித்துக் காட்டினார். கிரகணத் தொடக்கம் சில நிமிடங்களே பிழைத்தது. எழுதப்படாதது அறியப்படாதது என்று கொள்வது தவறு என்பதற்கு இது நல்ல சான்று. ஆனால் வாறன் எழுதிவைத்தபடியாற்றான் இச்செய்தியும் எம்மை எட்டியுள்ளது.

பொக்சனின் நிலையையும் நியாயமாக நோக்க வேண்டும். அவர் கேட்ட ஆளணி அவருக்குக் கிடைக்கவில்லை. அவதானிப்புகள் மலைபோற் குவிந்தன. அவற்றைக் கணித்து வெளியிட ஆளில்லை. 1862 முதல் 1887 வரையான விண்மீன் அவதானிப்புகள் அவர் 1891 இல் இறந்த பின்னரே முழுமையாக அச்சேறின. அவர் மகள் ஐசிஸ் பொக்சன் 1873 முதல் கால் நூற்றாண்டு காலம் குறைந்த ஊதியத்தில் நிலையத்தின் உதவியாளராகப் பணியாற்றினார். அரச வானியற் கழகம் அவரை உறுப்பினராக ஏற்க 1920 வரை சென்றது. ஏகாதிபத்தியம் தன் அறிவியலாளரையும் தேவைக்கு மேற் போற்றியதில்லை.

இனி, இந்த நிலையத்துக்கும் கண்டிச்சீமைக்கும் இடையே ஒப்புமைக்கு மேலான தொடர்பு ஒன்றும் உண்டு. அவதான நிலையம் வானத்தை மட்டும் அளக்கவில்லை, மழையையும் அளந்தது. 1813 முதலான மழைப் பதிவுகள் அங்கே இருந்தன. 1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவைத் தாக்கிய பெரும்பஞ்சத்தில் இலட்சக்கணக்கானோர் மடிந்தபோது, இப்பதிவுகள் திடீரென முக்கியத்துவம் பெற்றன. டபிள்யு. டபிள்யு. ஹண்டர் 1877 இல் சென்னை மழைக் கணக்கினைச் சூரியப் புள்ளிகளின் பதினோராண்டுச் சுழற்சியோடு ஒப்பிட்டு, புள்ளிகள் குறையும் ஆண்டுகளில் மழை குறையும் என எழுதினார். வானியலாளர் லொக்கியரும் அவரோடு சேர்ந்துகொண்டார். பஞ்சத்தின் காரணம் சூரியனில் இருந்தால், ஆட்சியாளர் கையில் இல்லை என்பது சொல்லாமலே பெறப்படும். அதே ஆண்டில் தானியம் புகைவண்டிகளில் ஏறித் துறைமுகங்களுக்குச் சென்றுகொண்டிருந்தது. நிவாரண வேலைத்தலங்களில் வளர்ந்த ஆண் ஒருவனின் நாட்கூலி ஒரு இறாத்தல் தானியத்தையும் சிறு காசையும் ஒட்டியதாக றிச்சட் ரெம்பிள் குறைத்தார். சென்னையின் சுகாதார ஆணையாளர் கோணிஷ் அதனை எதிர்த்து வாதாடினார். சூரியனுக்கும் பருவமழைக்கும் உள்ள தொடர்பை ஆராயும் நோக்கமே பின்னாளில் அவதான நிலையம் 1899 இற் கோடைக்கானல் மலைக்கு மாற்றப்பட்டுச் சூரிய ஆய்வுக்கென அமைக்கப்பட்டமைக்கு ஒரு காரணமாயிற்று.

பஞ்சத்தில் எஞ்சியோருட் பெருந்தொகையானோர் கடல் கடந்து இலங்கைக்கு வந்தனர். அவர்கள் வந்து சேர்ந்த மலைநாடு அப்போது உருமாறிக்கொண்டிருந்தது. 1867 இற் கொழும்பிலிருந்து கண்டிவரை இருப்புப்பாதை திறக்கப்பட்டது. அதே ஆண்டில் ஜேம்ஸ் ரெய்லர் லூல்கந்துரத் தோட்டத்திற் பத்தொன்பது ஏக்கரில் தேயிலை நட்டார். 1869 இற் கோப்பி இலைகளிற் செம்மஞ்சள் நிறப் பூஞ்சண நோய் முதன்முதற் காணப்பட்டது. அடுத்த பதினைந்தாண்டுகளிற் கோப்பி அழிந்தது; நூற்றாண்டின் முடிவிலே தேயிலை மூன்றரை இலட்சம் ஏக்கருக்கு மேற் பரந்திருந்தது. இருப்புப்பாதை 1884 இல் அட்டனையும் 1885 இல் நானுஓயாவையும் அடைந்தது. திம்புள்ளை, டிக்கோயா, மஸ்கெலியா எனக் காடுகள் வீழ்ந்து மலைகள் பச்சைப் படிகளாயின. கோப்பி பருவகாலப் பயிர். பழம் பறித்து முடிந்ததும் தொழிலாளர் ஊருக்குத் திரும்பலாம். தேயிலையோ ஆண்டு முழுவதும் கொழுந்து தருவது. தேயிலையின் வருகையோடு வந்துபோகும் மக்கள், லயங்களில் நிலைத்த மக்களாயினர். இம்மாற்றம் பொருளியற் கணக்குகளில் நன்கு பதிவாகியுள்ளது. சட்டத்தில் அது பதிவாகவில்லை.

கண்டிச்சீமையின் ஏடுகள் எத்தகையவை? துறைமுகங்களில் வந்தோர் தொகையும் சென்றோர் தொகையும் ஆண், பெண், பிள்ளை எனக் குறிக்கப்பட்டன. பெயர் இல்லை. 1849 இற் கொழும்புப் பத்திரிகையொன்று, அதற்கு முந்திய ஏழெட்டு ஆண்டுகளில் வந்தவர்களில் எழுபதினாயிரம் பேர் மாண்டிருக்கலாமெனக் கணக்கிட்டது. இத்தொகையை ஏற்போரும் உளர். துறைமுகக் கணக்குகள் குறைபாடுடையவை, திரும்பியோர் பலர் பதிவாகாமற் சென்றிருக்கலாம் எனக் கூறி மறுப்போரும் உளர். வாந்திபேதி, காய்ச்சல், பசி ஆகியவற்றால் வடபாதையிற் பலர் மடிந்தனர் என்பதில் எவருக்கும் ஐயமில்லை. எத்தனை பேர் என்பதே தகராறு. கரிய சிறுகோளின் பருமனைப் போல இதுவும் நேரே காணப்படாத ஓர் அளவாகும். ஆனால் சிறுகோளின் வெப்பத்தை நூறாண்டுகளின் பின்னரும் அளக்கலாம். 1840களில் மாத்தளைக் காட்டிற் கைவிடப்பட்டவரை எண்ணுவதற்கு இரண்டாவது வாய்ப்பு இல்லை. ஆகவே இத்தகராறு இனித் தீரும் என நாம் நம்பவில்லை. எழுபதினாயிரம் என்ற எண்ணை முழக்கமாகக் கொள்வதிலும் பார்க்க, எண்ணே இல்லாத நிலை எவ்வாறு உண்டாயிற்று என வினவுவது பயனுடையது.

தோட்டத்துள் நுழைந்த பின் பெயர் உண்டு. செக்றோல் எனப்படும் ஏட்டிலே ஒவ்வொரு தொழிலாளியின் பெயரும் நாள்தோறும் குறிக்கப்பட்டது. விடியுமுன் தப்பு அடிக்க, பெரட்டுக் களத்தில் மக்கள் கூட, கணக்கப்பிள்ளை ஏட்டை விரிப்பார். இங்கு ஒரு சொல் வழக்கினை நோக்குக. மலைநாட்டுத் தோட்டங்களிற் பேர் என்னும் சொல் ஒரு நாள் வேலைக்கான கூலியையும் குறிக்கும். குறித்த அளவு கொழுந்து பறியாதவர்க்கு அரைப்பேர் போடுவர். ஒரு மனிதனின் பெயர் ஏட்டில் இடம்பெறுவதும் அவனுக்கு ஒரு நாட்கூலி விழுவதும் ஒன்றாகவே இருந்தமையால் எழுந்த வழக்கு இது. பெயரை அரையாக்கும் மொழிவழக்கு வேறெங்கும் உண்டோ என நாம் அறியோம். ஏட்டின் நோக்கத்தை இதைவிடத் தெளிவாக ஆய்வாளர் எவரும் எடுத்துரைக்க முடியாது. கூலி கொடுப்பதற்கும் கடன் கழிப்பதற்கும் வேண்டிய அளவுக்கே பெயர் எழுதப்பட்டது. பிறந்த ஊர், வந்த ஆண்டு, பெற்றோர் எனத் தொழிலாளி தனக்கு வேண்டியவற்றை அதிற் காணமாட்டான்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தகர டிக்கட்டு முறை வந்தது. இந்தியாவிலிருந்து புறப்படும் தொழிலாளிக்கு எழுத்தும் எண்ணும் பொறித்த தகர வில்லை ஒன்று கொடுக்கப்படும். எந்த மாவட்டம், எந்தத் தோட்டம் என்பதை அது காட்டும்; வழிச்செலவை அந்தத் தோட்டத்தின் கணக்கில் எழுதுவதற்கு அது உதவிற்று. சிறுகோளுக்கும் எண் உண்டு. ஆயின் 107 என்ற எண் கமில்லாவை அடையாளம் காண்பதற்குரியது. தகர எண் கடன்காரர் யார் என்பதை அடையாளம் காண்பதற்குரியது.

இந்த ஏடுகளின் குறை 1948 இன் பின்னர் உயிர்ப் பிரச்சினையாயிற்று. 1947 பொதுத் தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் சார்பில் ஏழு உறுப்பினர் பாராளுமன்றம் சென்றனர். தலவாக்கலையிலிருந்து சென்ற சி. வி. வேலுப்பிள்ளை அவர்களுள் ஒருவர். அடுத்த ஆண்டு வந்த 18 ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம், தந்தைவழி முன்னோர் இலங்கையிற் பிறந்தமைக்குச் சான்று காட்ட இயலாத பெரும்பாலான தோட்ட மக்களைப் புறத்தே நிறுத்தியது. 1949 ஆம் ஆண்டின் இந்திய பாகிஸ்தானியர் வதிவிடச் சட்டம் ஒரு வாயிலைத் திறப்பதாகக் கூறியது. மணமானவர் ஏழாண்டும் மணமாகாதவர் பத்தாண்டும் 1946 சனவரி முதலாம் நாளுக்கு முன் இடையறாது இலங்கையில் வாழ்ந்ததை நிறுவ வேண்டும். இடையிலே பன்னிரண்டு மாதங்களுக்கு மேல் நாட்டுக்கு வெளியே தங்கியிருந்தால் தொடர்ச்சி அறுந்ததாகும். எட்டு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் விண்ணப்பங்களில் அடங்கினர். பல ஆண்டு விசாரணைகளின் பின் ஏற்கப்பட்டோர் ஏறத்தாழ 1,34,000 பேர் மட்டுமே.

கவுஸின் முறையை இங்கே நினைவுகூர்வோம். மூன்று இடநிலைகள் கிடைத்தால், இடைப்பட்ட இரவுகளில் எவரும் பார்க்காதிருந்தபோதும், அச்சிறுகோள் அங்கே இருந்ததென அறிவியல் ஏற்றுக்கொள்கின்றது. பதிவு போதாமற் பல ஆண்டுகள் தொலைந்துபோன சிறுகோள்களும் உண்டு. 1911 இற் கண்டறியப்பட்ட அல்பேட் என்பது 2000 ஆம் ஆண்டிலேயே மீண்டும் கண்டுபிடிக்கப்பட்டது. அது இடைக்காலத்தில் இல்லாதிருந்தது என எந்த வானியலாளரும் கூறவில்லை. மலையகத் தொழிலாளியை விசாரித்த சட்டம் நேர்மாறான தர்க்கத்தைக் கைக்கொண்டது. ஏட்டிற் காணாத ஆண்டு வாழாத ஆண்டு என அது கொண்டது. ஏட்டை வைத்திருந்தவர் தோட்டத்துரை. ஏடு இல்லாமைக்குத் தண்டனை பெற்றவர் தொழிலாளி. தவறு ஏடு எழுதியோரிடம் மாத்திரம் இருந்தது எனக் கூறுவதும் முழு உண்மையாகாது. வாக்குப்பலத்தைக் குறைப்பதே சட்டத்தின் நோக்கமாக இருந்தபடியால், ஏடு நிறைந்திருப்பினும் வேறு தடை கண்டிருப்பர். ஆயினும் அந்த நோக்கம் நடுநிலையான சான்றுத் தேவை என்ற வேடத்தில் வரக்கூடியதாக இருந்தமைக்கு வெற்று ஏடுகளே உதவின.

1964 ஒக்ரோபர் 30 இற் கைச்சாத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் மக்களை மீண்டும் தலைக்கணக்காக்கியது. 9,75,000 பேருள் 5,25,000 பேர் இந்தியாவுக்கு. 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேரின் கதி பின்னர் பார்க்கப்படும் என்றனர். 1974 இல் அதனையும் 75,000 வீதம் இரு அரசுகளும் பங்கிட்டன. ஒரே லயத்தின் அடுத்தடுத்த அறைகளில் வாழ்ந்த உடன்பிறந்தோர் இரு நாட்டவராயினர். 2003 ஆம் ஆண்டின் குடியுரிமை வழங்கற் சட்டம், 1964 ஒக்ரோபர் 30 முதல் இலங்கையில் நிரந்தரமாக வாழ்ந்தோருக்கும் அவர்தம் வழித்தோன்றல்களுக்கும் குடியுரிமையை ஏற்றது. 1948 இலிருந்து அதற்கு ஐம்பத்தைந்து ஆண்டுகள் சென்றன.

எழுதப்பட்ட ஏடு மறுத்ததை மக்கள் வாய்மொழியிற் காத்துவந்தனர் என்பதும் பதியப்பட வேண்டும். வடபாதை, கங்காணியின் கொடுமை, கோப்பிக்காட்டுக் குளிர் ஆகியன பற்றிய பாடல்களைத் தொகுத்தவர்களுள் மேற்கூறிய சி. வி. வேலுப்பிள்ளை முதன்மையானவர். 2023 இல் மலையக மக்கள் இலங்கை வந்து இருநூறாண்டு நிறைவையொட்டி, தலைமன்னாரிலிருந்து மாத்தளைவரை பலர் அதே வழியில் நடந்தனர். புதுச்சேரிக் கணிதரின் வாய்பாட்டைப் போல இந்த நினைவும் நம்பத்தக்க சான்றே. அதனை நாள், இடம், கூறியவர் எனக் குறித்துத் தொகுக்கும் வேலை பல்கலைக்கழகங்களின் கையில் உள்ளது. தோட்ட அலுவலகங்களின் பழைய செக்றோல்களைத் தேடுவதும் அவ்வாறே. தோட்டங்கள் 1970களில் தேசிய உடைமையாகி, 1992 இல் மீண்டும் தனியார் கம்பனிகளிடம் சென்றமையால் ஏடுகளும் கைமாறியுள்ளன. ஏதேனும் ஒரு தோட்டத்திலாவது தொடர்ச்சியான சில பதின்ம ஆண்டுகளின் ஏடுகள் அகப்படுமாயின், ஒரு குடும்பத்தை மூன்று இடங்களிற் கண்டு அதன் பாதையை வரைய இயலும். அவ்வேடுகளை நாடும்போது ஒன்றை எதிர்பார்த்துச் செல்ல வேண்டும். அவற்றில் லயத்து அறைகளுக்குத் தனி எண் பெரும்பாலும் இராது. அங்கு வாழ்ந்தோர்க்கு வந்த கடிதங்களும் நெடுங்காலம் தோட்டத்தின் பெயருக்கே வந்து, அலுவலகத்தின் வழியாகவே அவர்கள் கைக்குச் சென்றன.